விசித்திரசித்தனும் வீல் பேரிங்கும்

எங்கள் ஊர் மண்டகப்பட்டில் ஒரு பாறை இருக்கிறது. பாறையைக் குடைந்து ஒரு கோயில். கோயிலில் ஒரு கல்வெட்டு. செங்கல் இல்லை, மரம் இல்லை, உலோகம் இல்லை, சுண்ணாம்பு இல்லை. இவை எதுவும் இல்லாமலே பிரம்மாவுக்கும் ஈசனுக்கும் திருமாலுக்கும் விசித்திரசித்தன் செய்வித்த ஆலயம் இது என்று அந்தக் கல்வெட்டு சமஸ்கிருதத்தில் மார்தட்டுகிறது. விசித்திரசித்தன் வேறு யாருமில்லை, முதலாம் மகேந்திரவர்ம பல்லவன்தான். பட்டப்பெயர் வைத்துக்கொள்வதில் அவனுக்கு ஆசை அதிகம். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வெட்டிய கோயில் இது. முகப்பில் இரண்டு துவாரபாலகர்கள் அன்றைக்கு நின்ற நிற்பில் இன்றைக்கும் நிற்கிறார்கள். சுமார் 1400 வருஷமாக யாரும் ஒரு நட்டை முடுக்கியதில்லை, ஒரு சொட்டு ஆயில் விட்டதில்லை, சர்வீசுக்குத் தேதி வாங்கியதில்லை.

பாறையை வெட்டிய உளி இரும்புதானே என்று கேட்கத் தோன்றும். கேட்கக் கூடாது. டூல்ஸ் கணக்கில் வராது. இன்றைக்கும் ஒர்க்‌ஷாப் பில்லில் உளிக்குத் தனியாக வரி போடுவதில்லை.

இப்படிப்பட்ட ஊரில் நான் ஒரு கார் வைத்திருக்கிறேன். பத்து வயதைத் தாண்டிய சின்னக் கார். செங்கல், மரம், சுண்ணாம்பு மூன்றும் அதிலும் கிடையாது. நாலாவதில்தான் வினை.

பொங்கல் கழிந்து ஒரு சத்தம் ஆரம்பித்தது. நாற்பதில் ஒன்றுமில்லை. ஐம்பதில் லேசாக ஒரு முனகல். அறுபதில் நன்றாகவே ஒரு 'ஊ'. எழுபதில் பக்கத்தில் இருப்பவரிடம் குரலை உயர்த்திப் பேச வேண்டியிருந்தது. எண்பது போய்ப் பார்க்கலாம் என்றால் செஞ்சி விழுப்புரம் சாலையில் அதற்கு வாய்ப்பு குறைவு. ஒரு பக்கம் நெல் காயும், மறுபக்கம் ஆடு போகும், நடுவில் சுண்ணாம்புக் கோடுகூட அடிக்காத ஒரு வேகத்தடை யாருக்கும் சொல்லாமல் படுத்திருக்கும்.

சத்தத்தை முதலில் கண்டுபிடித்தவர் என் மனைவி. "ஏங்க, ஒங்க பக்கத்துல என்னமோ ஊங்குது" என்றார். எனக்கும் கேட்டது. ஆனால் எனக்கு அது சந்தேகமே இல்லாமல் அவர் பக்கத்திலிருந்துதான் கேட்டது. வலப்பக்கம் உட்கார்ந்து ஓட்டுகிற எனக்கு இடப்பக்கச் சக்கரத்தில் பழுது. இடப்பக்கம் உட்கார்ந்திருக்கிற அவருக்கு வலப்பக்கச் சக்கரத்தில் பழுது. கல்யாணமான நாள் முதலாக எல்லா விவகாரத்திலும் நாங்கள் கடைப்பிடிக்கிற முறைதான் என்பதால் இதை யாரும் வினோதமாக எடுத்துக்கொள்ளவில்லை. உண்மையில் இதில் கொஞ்சம் இயற்பியலும் இருக்கிறது. சக்கரத்தில் பிறக்கிற அதிர்வு சஸ்பென்ஷன் வழியாக ஏறி, கார் தகடு முழுக்கப் பரவி, எங்கே வழி கிடைக்கிறதோ அங்கே காதுக்கு வரும். காதை மட்டும் நம்பி வலதா இடதா என்று தீர்ப்புச் சொன்னவர்கள் பலர் நல்ல பேரிங்கைக் கழற்றி எறிந்திருக்கிறார்கள்.

அடுத்தது ஊர் வைத்தியம். காருக்குள் ஒரு சத்தம் என்று டீக்கடையில் சொன்னால் போதும். டீ ஆறுவதற்குள் மருத்துவர் குழு கூடிவிடும். இதில் ஒரு ஒழுங்கு உண்டு: ஒவ்வொருவருக்கும் தன் தொழிலில் எது கெடுமோ அதுதான் என் காரிலும் கெட்டிருந்தது.

டிராக்டர் வைத்திருக்கிற மாமா, "கிரீஸ் வத்திப்போச்சு மாப்ள, கன்ன வச்சு நாலு அடி அடிச்சா அமுங்கிடும்" என்றார். டிராக்டர் டிரெய்லருக்கு அது சரியான வைத்தியம். அதன் ஹப்பில் கூம்பு வடிவ உருளை பேரிங், மூடியைக் கழற்றலாம், கிரீஸ் அடைக்கலாம், நட்டை முடுக்கி ஆட்டத்தைக் குறைக்கலாம். என் கார் முன்சக்கரத்து பேரிங்கோ உள்ளே கிரீஸ் வைத்து இரண்டு பக்கமும் சீல் அடித்து வருவது. கன் வைக்க அதில் ஓட்டையே கிடையாது. சொன்னேன். "ஓட்ட இல்லன்னா போட்டுக்கலாம்" என்றார்.

பஞ்சர் கடைக்காரர் டயர் என்றார். "கண்ணு கண்ணா தேஞ்சிருக்கு பாருங்க, அதான் பாடுது." இது கேலிக்குரிய யோசனை அல்ல. தாறுமாறாகத் தேய்ந்த டயர் இதே சத்தம் போடும், இதே வேகத்தில் போடும். ஆனால் இரண்டையும் பிரித்தறிய வழி உண்டு. தார் ரோட்டிலிருந்து சிமெண்ட் ரோட்டுக்கு மாறும்போது டயரின் குரல் மாறும், பேரிங் எந்த ரோட்டிலும் ஒரே சுருதி. அதற்கும் மேலாக, முன் டயர்களைப் பின்னாலும் பின் டயர்களை முன்னாலும் மாற்றிப் போட்டுப் பார்க்கலாம். போட்டோம். சத்தம் இருந்த இடத்திலேயே இருந்தது. டயர் நிரபராதி. மாற்றிப் போட்ட கூலியைக் கொடுத்துவிட்டு வந்தேன்.

அலைன்மெண்ட் சென்டரில் கம்ப்யூட்டர் திரையில் சிவப்பும் பச்சையுமாகக் கோடுகள் காட்டினார்கள். கோடுகள் எல்லாம் பச்சையாகும் வரை திருகினார்கள். ஸ்டீயரிங் அதற்குப் பிறகு அருமையாக நேராக நின்றது. சத்தமும் நேராக வந்தது.

அலுவலக நண்பர் ஒருவர்தான் என்னைத் தூங்கவிடாமல் செய்தவர். காரில் ஏறவே இல்லை. நான் வாயால் 'ஊ' என்று செய்து காட்டியதைக் கேட்டே, "கியர்பாக்ஸ் போச்சு சார். இஞ்சின எறக்கணும்" என்றார். இஞ்சினை இறக்குவது என்பது காரோடு முடிகிற விஷயம் அல்ல, அதற்கு நிலத்தையும் எழுதிக் கொடுக்க வேண்டிவரும்.

இந்த நேரத்தில் எனக்கு ஆறுதலாக இருந்தவன் எங்கள் ஊர் விசித்திரசித்தன்தான். கோயில் வெட்டியது பாதிதான், அவன் நாடகமும் எழுதினான். மத்தவிலாசப் பிரகசனம் என்கிற அங்கத நாடகம். காஞ்சிபுரத்தில் ஒரு காபாலிகன் தன் பிச்சைப் பாத்திரமான கபால ஓட்டைத் தொலைத்துவிடுகிறான். கையில் பாத்திரத்தோடு எதிரே வருகிற பௌத்த பிக்குவைப் பிடித்துக்கொண்டு நீதான் திருடினாய் என்று சண்டை. நடுவில் ஒரு பாசுபதர் பஞ்சாயத்துக்கு வருகிறார். எல்லாரும் அவரவர் சித்தாந்தப்படி வாதாடுகிறார்கள். கடைசியில் பார்த்தால் கபாலத்தைத் தூக்கிக்கொண்டு போனது ஒரு நாய். அந்த நாயிடமிருந்து ஒரு பைத்தியக்காரன் பிடுங்கி வைத்திருக்கிறான். 1400 வருஷத்துக்கு முன்னால், ஒரு டீக்கடைகூட இல்லாத காலத்தில், அந்த மனிதன் இதை எப்படி எழுதினான் என்று எனக்கு வியப்பு. என் டயர்தான் அந்த பிக்கு. கியர்பாக்ஸ் மேலும் சந்தேகம். நாயைத்தான் யாரும் தேடவில்லை.

செஞ்சியில் மெக்கானிக் பாய் ஒருவர் இருக்கிறார். ஷெட் வாசலில் நின்றால் செஞ்சிக் கோட்டையின் ராஜகிரி உச்சி தெரியும். பழைய ஆள். திரையில் கோடு காட்டும் மிஷின் எதுவும் அவரிடம் இல்லை. நான் போய் வாயால் 'ஊ' செய்ய ஆரம்பித்ததும் கையமர்த்தினார். "நீங்க பாடாதீங்க சார், வண்டி பாடட்டும்" என்று முன் சீட்டில் ஏறி உட்கார்ந்தார்.

"ஏசிய அணைங்க. பாட்ட நிறுத்துங்க. கண்ணாடிய ஏத்துங்க. நீங்களும் பேசாதீங்க."

திண்டிவனம் சாலையில் காலியாக இருந்த ஒரு நீளத்தில் அறுபது பிடிக்கச் சொன்னார். பிடித்தேன். சத்தம் வந்தது. "கிளட்ச்ச மிதிச்சு நியூட்ரல் பண்ணுங்க." பண்ணினேன். இஞ்சின் அடங்கியது, சத்தம் அடங்கவில்லை. "அப்ப இஞ்சின் இல்ல. கியர்பாக்ஸ்ல டிஃபரன்ஷியல் நியூட்ரல்லயும் சுத்தும், அத அப்பறம் பாப்போம்." லேசாக பிரேக் தொடச் சொன்னார். மாற்றமில்லை. பிறகு ரோட்டின் அகலத்துக்குள்ளேயே மெதுவாக வலதும் இடதுமாக வளைத்து ஓட்டச் சொன்னார். இங்கேதான் விஷயம் வெளிச்சமானது. வலப்பக்கம் வளைத்தால் சத்தம் ஏறியது. இடப்பக்கம் வளைத்தால் இறங்கியது; ஆனால் நிற்கவில்லை. பாய் அந்த 'ஆனால்' வந்தபோது புருவத்தைச் சுருக்கினார், எதுவும் சொல்லவில்லை.

வலப்பக்கம் திரும்பினால் வண்டியின் எடை இடப்பக்கச் சக்கரத்தின் மேல் சாயும். நோயாளி இடப்பக்கத்து பேரிங் என்றால் அந்தச் சுமையில்தான் கூச்சல் கூடும். ஒடித்துத் திருப்பும்போது மட்டும் 'டக் டக்' என்று வந்தால் அது ஆக்சில் ஜாயிண்ட். பிரேக் பிடிக்கும்போது மட்டும் ஸ்டீயரிங் நடுங்கினால் டிஸ்க் கோணல். நேராகப் போகும்போதும் விடாமல் முனகி, வளைவில் ஏறி இறங்கினால் பேரிங்கை விசாரிக்கலாம். இவ்வளவையும் பாய் திரும்பி வருகிற வழியில் சொல்லிவிட்டார். இதற்குத்தான் நான் டயர் மாற்றி, கோடுகளைப் பச்சையாக்கி, நிலப்பத்திரம் எங்கே என்று தேடும் அளவுக்குப் போயிருந்தேன்.

ஷெட்டில் ஜாக்கி வைத்துச் சக்கரத்தைத் தூக்கினார். மேலேயும் கீழேயும் கை வைத்து ஆட்டினார். ஆட்டம் பெரிதாக இல்லை. "ஆடலயே பாய்?" என்றேன். "ஆடுற வரைக்கும் ஓட்டினா சக்கரம் ஒரு வழி போவும், நீங்க ஒரு வழி போவணும்" என்றார். மேல் கீழாக ஆடினால் பேரிங் அல்லது பால் ஜாயிண்ட். பக்கவாட்டில் மட்டும் ஆடினால் ஸ்டீயரிங் ராடு முனை. இக்கால பேரிங்குகள் ஆட்டம் கொடுப்பதற்கு வெகுநாள் முன்பே பாட ஆரம்பித்துவிடும். அதனால் அவர் இன்னொன்று செய்தார். ஒரு கையால் சக்கரத்தைச் சுழற்றிவிட்டு, மறு கையின் மூன்று விரல்களைச் சஸ்பென்ஷன் ஸ்பிரிங்கின் மேல் நாடி பார்ப்பதுபோல வைத்தார். என் விரலையும் வைக்கச் சொன்னார். உள்ளே நறநறவென்று ஒன்று ஓடியது. சக்கரத்தைத் தொட்டால் தெரியாத அந்த நறநற, ஸ்பிரிங்கில் துல்லியமாகத் தெரிந்தது.

"எடது போச்சு" என்றார். நான் உடனே மனைவிக்குப் போன் செய்ய எடுத்தேன். அதற்குள் அவர் வலப்பக்கமும் தூக்கிச் சுழற்றி, விரல் வைத்து, கொஞ்சம் நேரம் கண்ணை மூடிக்கொண்டிருந்தார்.

"இதுவும்தான் சார். அது கொஞ்சம் சத்தமா பேசுது, இது அமுக்கமா பேசுது."

போனை உள்ளே வைத்துவிட்டேன்.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். ஒரு பக்கம் போனால் இரண்டையும் ஜோடியாக மாற்றியாக வேண்டும் என்று பல கடைகளில் சொல்வார்கள். பிரேக் பேடுக்கு அது சட்டம், பேரிங்குக்குக் கிடையாது. நல்லதாக இருக்கிற பேரிங்கை அதன் ஜோடி செத்துப்போனதற்காக உடன்கட்டை ஏற்ற வேண்டியதில்லை. பாய் இரண்டையும் மாற்றச் சொன்னது, இரண்டிலும் கை வைத்துப் பார்த்த பிறகு. அவர் மேல் எனக்கு மரியாதை வந்த இடம் அது.

"தண்ணில விட்டீங்களா?" என்று கேட்டார். விழுப்புரம் மாவட்டத்துக்காரனிடம் கேட்கிற கேள்வியா அது. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி பக்கம் கரையேறியது. மயிலத்தில் மட்டும் ஒரே நாளில் 51 சென்டிமீட்டர் கொட்டியது. அந்த வாரம் எங்கள் மாவட்டத்தில் ஓடிய கார்கள் எல்லாம் கொஞ்ச தூரம் படகாகவும் ஓடின. ஓடிச் சூடான ஹப் குளிர்ந்த தண்ணீரில் முங்கினால் உள்ளே இருக்கிற காற்று சுருங்கும். சுருங்கினால் சீல் ஓரமாகத் தண்ணீரை உறிஞ்சும். பேரிங் எஃகு கடினத்துக்குப் பேர்போனது. ஒரு சதவீதம் அளவு கார்பன், ஒன்றரை சதவீதம் அளவு குரோமியம். துரு ஏறாத எஃகாக இருக்க அந்தக் குரோமியம் போதாது. தண்ணீர் பட்டால் துருப்பிடிக்கும், குண்டு ஓடுகிற பாதையில் கண்ணுக்குத் தெரியாத குழி விழும். அறுபது வேகத்தில் என் சின்னச் சக்கரம் நொடிக்குச் சுமார் ஒன்பது சுற்றுச் சுற்றும். ஒவ்வொரு சுற்றிலும் நாலைந்து குண்டு அந்தக் குழியில் இறங்கி ஏறும். நொடிக்கு நாற்பது தட்டு. ஒவ்வொன்றாகக் கேட்டால் 'டக்'. நாற்பதும் ஒட்டிக்கொண்டால் 'ஊ'.

இன்னொரு காரணமும் உண்டு. அதை நான் பாயிடம் சொல்லவில்லை. மேல்மலையனூர் அங்காளம்மனுக்கு அமாவாசை ராத்திரி ஊஞ்சல் உற்சவம். என்னிடம் கார் இருப்பது சொந்தக்காரர்கள் எல்லாருக்கும் நினைவுக்கு வருவது அமாவாசையன்றுதான். ஐந்து பேர் வண்டியில் எத்தனை பேர் ஏறினார்கள் என்று எண்ண முடியாது, ஏனென்றால் மடியில் இருப்பவர்கள் ஆள் கணக்கில் வரமாட்டார்கள் என்பது எங்கள் பெரியம்மாவின் சித்தாந்தம். குண்டு பேரிங்குக்குப் பொறியாளர்கள் ஒரு கணக்கு வைத்திருக்கிறார்கள்: சுமை இரண்டு மடங்கானால் ஆயுள் பாதியாகாது, எட்டில் ஒன்றாகும். பெரியம்மாவிடம் இந்தக் கணக்கை விளக்க எனக்குத் துணிவில்லை.

பாகம் வாங்கப் போகும்போது பாய் கூடவே வந்தார். பெட்டியைப் பார்த்து வாங்கக் கூடாது என்பது அவர் கட்சி. "பொட்டி அச்சடிக்க ரெண்டு ரூவா." பேரிங்கைக் கையில் வாங்கி, விளிம்பில் பொறித்த எண்ணை நகத்தால் தடவிப் பார்த்தார், சுற்றிப் பார்த்தார், கடைக்காரர் முகத்தையும் ஒரு தடவை பார்த்தார். மூன்றும் திருப்தியான பிறகே பணத்தை எடுக்க என்னை அனுமதித்தார். என் வண்டியில் ஏபிஎஸ் இல்லை. இருக்கிற வண்டிகள் பலவற்றில் பேரிங்கின் ஒரு பக்கச் சீலிலேயே காந்தம் இருக்கும். அந்தப் பக்கம் சென்சாரைப் பார்த்துத்தான் உட்கார வேண்டும். மாற்றி உட்கார்ந்துவிட்டால் திரும்பப் பிடுங்குவதற்குள் புது பேரிங் பழைய பேரிங் ஆகிவிடும்.

கழற்றும் வேலை ஆக்சில் நட்டில் தொடங்குகிறது. சக்கரம் தரையில் இருக்கும்போதே அதைத் தளர்த்த வேண்டும். எனக்குக் கொடுக்கப்பட்ட பதவி பிரேக் மிதிப்பவன். பல கார்களில் அந்த நட்டை 200 நியூட்டன் மீட்டர் அளவுக்கு முடுக்கியிருப்பார்கள். அதன் மேல் பத்து வருஷத்துத் துரு வேறு. உளியால் நட்டின் மடிப்பை நிமிர்த்தி, சாக்கெட் போட்டு, ராடுக்கு மேல் நீளமாகப் பைப் போட்டு, பாயும் ஷெட் பையனும் தொங்கினார்கள். அசையவில்லை. ஆயில் அடித்துக் காத்திருந்தார்கள். அசையவில்லை. எதிரே ராஜகிரி நின்றுகொண்டிருந்தது. 1690இல் ஔரங்கசீப்பின் தளபதி ஜுல்பிகர் கான் வந்து அந்தக் கோட்டையை முற்றுகையிட்டார். உள்ளே சிவாஜியின் மகன் ராஜாராம். முற்றுகை எட்டு வருஷம் இழுத்தது. கோட்டை 1698இல் விழுந்தபோது ராஜாராம் உள்ளே இல்லை, தப்பிப் போய்விட்டார். நட் கழன்றபோது நானும் பிரேக்கில் இல்லை. என்னால் ஆகாது என்று பையன் மிதிக்க ஆரம்பித்துவிட்டான், நான் டீ சொல்லப் போயிருந்தேன். அந்த மகத்தான 'டொக்'கைக் கடையில் இருந்தபடிதான் கேட்டேன்.

இதற்கிடையில் கோட்டைக்கு வழி கேட்டு ஒரு கார் நின்றது. 2025 ஜூலையில் மராட்டியக் கோட்டைகள் பன்னிரண்டை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், மிச்சம் ஒன்று எங்கள் செஞ்சி. அதிலிருந்து வழி கேட்பவர்கள் பெருகிவிட்டார்கள். இறங்கி வந்தவர் கோட்டையை ஒரு பார்வை பார்த்தார், கழற்றிப் போட்ட சக்கரத்தை வெகுநேரம் பார்த்தார். "ஷாக் அப்சார்பரா?" என்றார். உலகப் பாரம்பரியச் சின்னத்தைப் பார்க்க வந்தாலும் கழற்றிக் கிடக்கிற காரைத் தாண்டிப் போக நம் ஆண்களால் முடியாது.

பிறகு எல்லாம் வரிசையாகக் கழன்றது. பிரேக் காலிப்பரைக் கழற்றிக் கம்பியில் கட்டித் தொங்கவிட்டார். அதை ஹோசில் தொங்கவிடுகிறவனிடம் வண்டியைக் கொடுக்காதே என்றார். டிஸ்க், ஸ்டீயரிங் ராடு முனை, பால் ஜாயிண்ட், ஸ்ட்ரட் போல்ட். கடைசியில் நக்கிள் என்கிற அந்த முட்டி எலும்பு மொத்தமாகக் கைக்கு வந்தது. அதன் வயிற்றில் பேரிங், பேரிங்கின் வயிற்றில் ஹப். சைக்கிளில் ஒரு பையில் போட்டு லேத்துப் பட்டறைக்கு எடுத்துப் போனோம். ஏனென்றால் இதற்கு மேல் சுத்தியல் உதவாது, பிரஸ் வேண்டும்.

சுத்தியல் உதவாது என்பதை நம்ப நம் ஊரில் பலருக்கு மனம் வராது. பிரஸ்ஸுக்குப் போகிற கூலியை மிச்சம் பிடித்து, மரக்கட்டை வைத்துத் தட்டி உள்ளே இறக்குகிறவர்கள் உண்டு. அது இறங்கவும் இறங்கும். 1900இல் ஸ்வீடன் நாட்டு பிரினெல் ஒரு சோதனை கண்டுபிடித்தார்: உலோகத்தின் மேல் கெட்டியான எஃகுக் குண்டை வைத்து அழுத்தி, விழுகிற பள்ளத்தை அளந்து உலோகத்தின் கடினத்தைச் சொல்வது. புது பேரிங்கைச் சுத்தியலால் தட்டுகிறவர் தன்னை அறியாமல் அதே சோதனையைத்தான் செய்கிறார். குண்டுகள் பாதையில் பள்ளம் பதிக்கும். செஞ்சி தாண்டுவதற்குள் புது பேரிங் பழைய பாட்டைத் தொடங்கும். உடனே அவர் பேரிங் கம்பெனியைத் திட்டுவார்.

லேத்துக்காரர் பேசாத மனிதர். பிரஸ்ஸில் முதலில் ஹப்பைத் தள்ளினார். அது வரும்போது பேரிங்கின் உள்வளையத்தில் ஒரு பாதியைத் தன்னோடு கட்டிக்கொண்டே வந்தது. அதைக் கிரைண்டரால் அறுப்பதுதான் வழக்கம். இவர் புல்லர் மாட்டிப் பொறுமையாக உருவினார். சர்க்ளிப்பை எடுத்தார், பழைய பேரிங்கை வெளியே தள்ளினார், நக்கிளின் துளையைத் துடைத்து விரலால் தடவினார். புதியதை வைத்து அதன் வெளிவளையத்தின் மேல் மட்டும் அழுத்தம் விழுகிற மாதிரி ஒரு வளையத்தை வைத்தார். ஹப்பை ஏற்றும்போது உள்வளையத்துக்குத் தாங்கல் கொடுத்தார். எந்த வளையத்தை இறுக்கிப் பொருத்துகிறோமோ அந்த வளையத்தின் மேல்தான் அழுத்தம் விழ வேண்டும்; குண்டுகள் வழியாக அழுத்தம் போகவே கூடாது. வேலையில் சூட்சுமம் இது ஒன்றுதான்.

காத்திருந்த நேரத்தில் எனக்கு ஸ்வென் விங்குவிஸ்ட் ஞாபகம் வந்தார். ஸ்வீடனில் கோத்தன்பர்க் நகரத்துத் துணி மில்லில் பராமரிப்புப் பொறியாளர். மில் களிமண் நிலத்தில் நின்றது. நிலம் இறங்க இறங்க நீளமான ஷாஃப்டுகள் கோணலாகி, பேரிங்குகள் மாளாமல் செத்துக்கொண்டிருந்தன. மனிதர் வெறுத்துப்போய், ஷாஃப்ட் கோணினாலும் தானே நெளிந்து கொடுக்கிற இரட்டை வரிசைக் குண்டு பேரிங்கைக் கண்டுபிடித்தார். 1907இல் அதற்கென்றே தொடங்கிய கம்பெனிதான் எஸ்.கே.எஃப். களிமண்ணில் கட்டியதால் உலகத்துக்கு அந்தப் பேரிங் கிடைத்தது. பாறையில் வெட்டியதால் எங்களுக்கு மண்டகப்பட்டு கிடைத்தது. நடுவில் நிற்கிறவன்தான் லேத்துப் பட்டறையில் நிற்கிறான்.

வலப்பக்கமும் அதே வழியில் முடிந்தது. பழைய ஆக்சில் நட்டுகளைப் பாய் திரும்பப் போடவில்லை. ஒருமுறை மடித்த விளிம்பை மறுமுறை நம்பக் கூடாது என்று புதியது போட்டு, அளவு பார்த்து முடுக்கி, மடித்துவிட்டார். பில்லில் பேரிங்கைவிட லேபர் அதிகம். அதில் எனக்குப் புகார் இல்லை. மூன்று விரலை ஸ்பிரிங்கில் வைத்ததற்கு அவர் தனியாக எதுவும் போடவில்லை.

திரும்பி வரும்போது கார் அறுபதில் வாயைத் திறக்கவில்லை. மனைவியும் நானும் சாதாரணக் குரலில் பேசிக்கொண்டு வந்தோம். எந்தச் சக்கரம் என்று கேட்டார். ரெண்டும் என்றேன். "என் பக்கம்னு நீங்க சொன்னீங்களே" என்றார். "என் பக்கம்னு நீ சொன்னியே" என்றேன். இரண்டு பேரும் சரியாகச் சொல்லியிருந்தது எங்கள் வீட்டில் இதற்கு முன் நடந்ததில்லை என்பதால் மேற்கொண்டு எப்படிப் பேசுவது என்று இருவருக்குமே பிடிபடவில்லை. பேச்சு நின்ற இடத்தில் டேஷ்போர்டு மூலையில் 'கிறீச்' என்று ஒன்று கேட்டது. இத்தனை நாள் 'ஊ'வுக்குள் ஒளிந்திருந்தது போலிருக்கிறது. ஒரே நேரத்தில் இருவரும் கையை நீட்டினோம், ஆளுக்கொரு மூலையைக் காட்டி.

பழைய பேரிங்குகளைப் பாய் ஒரு கவரில் போட்டுக் கொடுத்திருந்தார். வீட்டு வாசலில் இறக்கும்போது தெருப் பையன்கள் பார்த்துவிட்டார்கள். விடுமுறை நாளில் அவர்கள் பலகையில் பேரிங் மாட்டி வண்டி செய்து, சரிவான சிமெண்ட் ரோட்டில் உட்கார்ந்து இறங்குவார்கள். கடகடவென்று அது போகிற சத்தத்தில் எங்கள் தெருவில் யாரும் மதியம் தூங்குவதில்லை. இருந்தாலும் தாராள மனசோடு ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். ஆறாம் வகுப்புப் படிக்கிற பையன் வாங்கினான். நடுத்துளையில் இரண்டு விரலை விட்டு வெளிவளையத்தை ஒரு சுண்டு சுண்டினான். காதருகே வைத்துக் கேட்டான். மறுபடி ஒரு சுண்டு. பிறகு மரியாதையாகவே என்னிடம் திருப்பிக் கொடுத்தான்.

"வேணாம் சார், இது தண்ணி பூந்த பேரிங். வண்டில இன்னோண்ணையும் பாத்துடுங்க."